சமையல்கட்டு வரைக்கும் நம்முளுது

"இன்னும் பதினஞ்சு வருஷம் இருக்குங்க சார்" என்று பேங்கில் வீட்டுக்கடன் பார்க்கிற அந்த மேடம் சொன்னதும் அப்பா சிரித்தார். வேறு யாருடைய கணக்கையோ திறந்து வைத்துக்கொண்டு தன்னிடம் சொல்கிறார் என்று நினைத்துச் சிரித்த சிரிப்பு. "பதினொண்ணுங்க மேடம். இருபது வருஷத்துல ஒம்பது கட்டிப்போட்டனுங்களே" என்றார். மேடம் திரையிலிருந்து கண்ணை எடுக்காமல், பல பேருக்குச் சொல்லிப் பழகிய குரலில் சொன்னார்: "வட்டி ஏறுனப்ப உங்க தவணை ஏறலை பாருங்க, அதுக்குப் பதிலா வருஷம் ஏறிடும் சார். கொரோனா டைம்ல ஆறு மாசம் கட்டாம விட்டிருக்கீங்க. அந்த வட்டியும் அசலோட சேந்துருச்சு. இருபத்தி நாலு லட்சம் வாங்குனீங்க, இப்ப இருபது லட்சம் நிக்குது." அப்பாவின் சிரிப்பு அப்படியே முகத்தில் இருந்தது, இறக்கி வைக்க இடம் கிடைக்காத சுமை மாதிரி. மேடம் இப்போது மோகனாவைப் பார்த்தார். "நல்லவேளை பொண்ணைக் கூட்டிட்டு வந்தீங்க. நீங்க அடுத்த வருஷம் ரிட்டையர்டு. இவங்களைக் கடன்ல சேத்துட்டா ஒரு பிரச்சனையும் இல்லை. வயசு இருபத்தி நாலுதானே, தாராளமா முப்பது வருஷத்துக்குப் போட்டுக்கலாம். இருபதாயிரத்து எண்ணூறு கட்டுறீங்கள்ல, அது பதினேழாயிரத்துக்குள்ள வந்துரும். மேனேஜர் போன்ல இருக்காரு. நான் ஃபைலைக் காட்டிட்டு வர்றேன், அதுக்குள்ள ரெண்டு பேரும் பேசி வைங்க." செருப்பு டக் டக்கென்று ஒலிக்கக் கண்ணாடி அறைக்குள் போனார். கதவு மூடிக்கொண்டது.

பேசி வைக்க என்ன இருக்கிறது. வரிசையாக ஒரே இரும்புச் சட்டத்தில் பூட்டிய நாற்காலிகள், அப்பா காலை ஆட்டினார், அவர் ஆட்ட ஆட்ட மோகனாவும் ஆடினாள், அவளுக்கு அந்தப்பக்கம் பென்ஷன் விஷயமாக வந்திருந்த பெரியம்மா ஒருத்தியும் ஆடினாள். "யாருங்க அது ஆட்டறது, எனக்கு வவுறு கலக்குது" என்று அந்த அம்மா சொல்ல, அப்பா சட்டென்று காலை நிறுத்தி, நிறுத்திய காலின் முட்டியைக் கையால் பிடித்துக்கொண்டார். விரல்களின் ரேகைக்குள் இரும்புத்தூள் கறுத்திருந்தது. பம்ப் கம்பெனியில் முப்பத்தி நாலு வருஷம் கடைசல் மிஷினில் நின்ற கை, சோப்பு போட்டாலும் போகாது, கல்யாண வீட்டில் மொய் எழுதும்போது அதை மறைக்க நோட்டை மடித்துக் கொடுப்பார். ஏசி காற்று நேராக மோகனாவின் கழுத்தில் விழுந்தது. இடம் மாறி உட்கார்ந்தால் ஏதோ பேசப் போகிறாள் என்று அப்பா நினைத்துக்கொள்ளலாம், அதனால் மாறவில்லை. அவளுக்கு எப்போதும் இப்படித்தான். கடையில் மீதிச் சில்லறை குறைந்தால் கேட்க மாட்டாள், பஸ்ஸில் தன் நிறுத்தம் வந்தும் முன்னால் நிற்பவரைத் தள்ளிக்கொள்ளச் சொல்ல வாய் வராமல் அடுத்த நிறுத்தத்தில் இறங்கி நடந்து வந்திருக்கிறாள். அன்னிய ஆட்கள் முன்னால் அவள் குரல் தொண்டையிலேயே உட்கார்ந்துகொள்ளும். அதனால்தான் காதில் ஹெட்செட் மாட்டிப் பேச வேண்டாத வேலையாகப் பார்த்துச் சேர்ந்தாள், அமெரிக்க ஆஸ்பத்திரி பில்களைச் சரிபார்க்கிற வேலை, திரையும் எண்களும் மட்டும், மாசம் முப்பத்தோராயிரம். பேசாதவள் நிறையப் பார்ப்பாள். மேடம் ஃபைலை எடுக்கும்போதே பென்சிலால் இரண்டு இடத்தில் பெருக்கல் குறி போட்டிருந்ததை அவள் பார்த்துவிட்டாள். கையெழுத்துக்கான இடம். அவர்கள் பேசி முடிவெடுப்பதற்கு முன்பே.

பதினைந்து. அப்படியானால் ஒன்பது வருஷம் எங்கே போயிற்று? வீட்டுக்குள் போயிற்று என்றுதான் எல்லோரும் நினைத்திருந்தார்கள். அப்பா அதை ஒரு விளையாட்டாகவே வைத்திருந்தார். ஆவணியில் குடிபுகுந்த நாள் வரும்போதெல்லாம் சாயங்காலம் குளித்து, வேட்டி மாற்றி, கையில் ஒரு சாக்பீஸோடு வீட்டை அளப்பார். வீட்டை மனசுக்குள் இருபது பங்காகப் போட்டு வைத்திருந்தார், வருஷத்துக்கு ஒரு பங்கு. முதல் வருஷம் வாசற்படியும் போர்டிகோவும். அடுத்தது ஹாலில் டிவி இருக்கிற பக்கம். அப்புறம் ஹாலின் மறுபக்கம், சாமி மாடம், சாப்பிடுகிற இடம் என்று ஒவ்வொன்றாக முன்னேறி, "இது வரைக்கும் நம்முளுது" என்று தரையில் ஒரு கோடு இழுப்பார், அம்மா மறுநாள் துடைத்துவிடுவாள். கோட்டுக்கு அந்தப்பக்கம் பேங்குக்காரனுடையது. அங்கே சுவரில் ஆணி அடிக்கக் கூடாது. அது அப்பா போட்ட சட்டம், சிரித்துக்கொண்டு போட்டாலும் சட்டம்தான். ஊரான் சுவரில் ஆணி அடிப்பது மரியாதை இல்லை என்பார். தம்பி ஹரீஷ் பாத்ரூமுக்குப் போகும்போது, "பேங்குக்காரன் வூட்டுக்குப் போய்ட்டு வந்தர்றேன்" என்று சத்தமாகச் சொல்லிவிட்டுப் போவான், அம்மா கரண்டியைத் தூக்குவாள். அம்மா எட்டு வருஷம் கரண்டி ஸ்டாண்டைச் சமையல் மேடையில் சாய்த்தே வைத்திருந்தாள். போன ஆவணியில் அப்பா சமையல்கட்டின் பின்கதவு வரை கோடு இழுத்தார். அன்று ராத்திரியே அம்மா ஹரீஷை ஸ்டூல் மேல் ஏற்றி ஆணி அடிக்க வைத்தாள். சுத்தியல் சத்தம் கேட்டுப் பக்கத்து வீட்டுக்காரர் வந்து எட்டிப் பார்த்தார். "என்ற சமையல்கட்டுங்க, இனி யாரு கேக்கறது" என்று அம்மா அவரிடம் சொன்னாள், அம்மா அப்படிச் சிரித்து மோகனா பார்த்ததில்லை. மோகனாவின் அறை சின்னது, இன்னும் பேங்குக்காரனுடையது, அவள் கண்ணாடி அலமாரியில் சாய்ந்தே நிற்கிறது. தலை வாரும்போது குனிந்து வாருவாள்.

இருபத்தி நாலில் நாலு. ஆறில் ஒரு பங்கு. அவள் வேண்டாம் வேண்டாம் என்று நினைத்தும் மனசு வீட்டுக்குள் நடந்து அளந்துகொண்டே போயிற்று. வாசற்படி, போர்டிகோ, ஹாலில் டிவி இருக்கிற பக்கம், அதன் மறுபக்கம். அவ்வளவுதான். சாப்பிடுகிற இடம் பேங்குக்காரனுடையது. சாமி மாடம் பேங்குக்காரனின் சுவரில் இருக்கிறது, அம்மா வெள்ளிக்கிழமை தோறும் கும்பிடுகிற முருகர் அங்கே வாடகைக்கு இருக்கிறார். அம்மாவின் ஆணி ஊரான் சுவரில் இருக்கிறது. ஆறு மாசம் கட்ட வேண்டாம் என்று சொன்ன வருஷம் அப்பா எவ்வளவு சந்தோஷமாக இருந்தார். கம்பெனி பூட்டிக் கிடந்தது, பாதிச் சம்பளம், ஆனாலும் "கவர்மெண்டே சொல்லிப்போட்டாங்க பூங்கொடி, தள்ளிக் கட்டலாமுன்னு" என்று அம்மாவிடம் சொல்லி, அந்தப் பணத்தில் அரிசி மூட்டையும் ஹரீஷுக்குப் படிக்க ஒரு போனும் வாங்கினார். தள்ளிக் கட்டலாம் என்றுதான் சொன்னார்கள். தள்ளியதற்கும் வட்டி, அந்த வட்டிக்கும் வட்டி என்பதைச் சத்தமாகச் சொல்லவில்லை, அல்லது சொன்னார்கள், அது போனில் வந்த ஆங்கிலச் செய்தியாக இருந்தது. வட்டி ஏறியபோதும் செய்தி வந்திருக்கும். அப்பா தவணையை மட்டும் பார்த்தார். அக்கம்பக்கத்தில் எல்லோருக்கும் மாசம் ஆயிரம் ரெண்டாயிரம் ஏறியபோது, "நமக்கு ஒரு ரூவா ஏறலை பாத்தியா" என்று பெருமையாகச் சொன்னார். அந்தப் பெருமையின் விலை நாலு வருஷம். அப்பாவின் அறுபத்தி ஒன்பதாவது வயதிலிருந்து எழுபத்தி மூன்று வரை. இல்லை, அப்பாவின் வயது இல்லை. அவள் வயது.

இதில் அவளுக்கும் பங்கு உண்டு, அதுதான் உறுத்தியது. அவள் படித்தது கணிதம். இரண்டாம் வருஷத்தில் தவணைக் கடனுக்கான சூத்திரத்தைப் பேராசிரியை கரும்பலகையில் இடமிருந்து வலம் எழுதிக்கொண்டே போனார், அவள் அழகான கையெழுத்தில் எழுதிக்கொண்டாள், பரீட்சையில் வந்தது, போட்டாள். காலத்துக்கு ஒரு எழுத்து, வட்டிக்கு ஒரு எழுத்து. முதல் வருஷங்களில் தவணையில் பெரும்பகுதி வட்டிக்கே போகும், அசல் மெதுவாகத்தான் குறையும் என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். தெரிந்துகொண்டே ஆவணிக்கு ஆவணி அப்பா சாக்பீஸோடு குனிந்தபோது தட்டில் கேசரி வைத்துக்கொண்டு நின்றிருக்கிறாள். வீட்டுக்கும் அந்தக் கரும்பலகைக்கும் சம்பந்தம் இருக்கும் என்று ஒருநாளும் தோன்றவில்லை. இப்போது தோன்றுகிறது, நிறுத்த முடியாமல் தோன்றுகிறது. இருபது லட்சத்துக்கு இன்றைய வட்டி மாசம் பதினாறாயிரத்துக்குச் சற்றுக் கீழே. ஆக, போகிற இருபதாயிரத்து எண்ணூறில் வீட்டுக்குள் வருவது ஐயாயிரம். அப்பா மாசத்தில் மூன்று வாரம் பேங்குக்காகக் கடைசல் பிடித்திருக்கிறார், கடைசி வாரம் வீட்டுக்காக. இரண்டு ஷிப்ட் பார்த்த தீபாவளி மாசங்கள், கண்ணில் இரும்புப் பொடி விழுந்து கட்டுப் போட்டுக்கொண்டு வந்த நாள், அப்படியும் மறுநாள் போனது, எல்லாம் அந்த மூன்று வாரத்தில்தான் இருந்திருக்கும் என்று ஏனோ உறுதியாகத் தோன்றியது. அதற்குள் அப்பா மெல்ல அவள் பக்கம் சாய்ந்தார். பெரியம்மாவுக்குக் கேட்கக் கூடாதென்று குரலைத் தாழ்த்திக்கொண்டு, "நாலாயிரம் குறையுது கண்ணு" என்றார்.

குறைகிறது. அவள் கைப்பையிலிருந்து போனை எடுத்தாள், ஏதோ செய்தி பார்ப்பதுபோல் மடியில் மறைத்துப் பிடித்துக்கொண்டு பெருக்கினாள். முப்பது வருஷம், மாசம் பதினேழாயிரத்துக்குச் சற்றுக் கீழே. அறுபது லட்சம். மறுபடி பெருக்கினாள், ஒரு பூஜ்யம் கூடிவிட்டதோ என்று. அறுபதுதான். இருபது பாக்கிக்கு அறுபது, இதுவரை கட்டிய இருபத்தொன்று தனி. இப்போது இருக்கிறபடியே பதினைந்து வருஷம் கட்டினால் முப்பத்தேழரை. மாசம் நாலாயிரம் குறைவதற்காக இருபத்தி மூன்று லட்சம் கூடுகிறது. அது இன்னொரு வீடு. அந்த இன்னொரு வீட்டை அவள் கண்ணால் பார்த்தாள், போர்டிகோ, ஹால், சமையல்கட்டு, பின்கதவு, அதில் யாரும் குடியில்லை, யாரும் குடிவரவும் போவதில்லை, அதையும் சேர்த்துக் கட்டிக்கொண்டே போக வேண்டும். முடிக்கும்போது அவளுக்கு வயது ஐம்பத்தி நாலு. ஐம்பத்தி நாலு என்பது அம்மாவைவிட நாலு வயது கூட. அம்மாவின் முட்டிவலித் தைலத்தின் வாசனை திடீரென்று மூக்கில் அடித்தது, இங்கே ஏசிக்குள், யார் மேலிருந்தோ. பெரியம்மா மேலிருந்துதான். "என்ன கண்ணு, பென்சனா?" என்று அந்த அம்மா அவளைக் கேட்டாள், பேச்சுக்கு ஆள் தேடி. மோகனா இல்லை என்று தலையாட்டினாள். "ஆமாமா, உனக்கெங்க பென்சன்" என்று அந்த அம்மா தானே சிரித்துக்கொண்டாள்.

வீடு ஹரீஷுக்கு. அம்மா இதை எந்தக் கெட்ட எண்ணத்தோடும் சொன்னதில்லை, மழை பெய்யும் என்று சொல்வதுபோலச் சொல்வாள். வூடு பையனுக்கு, நகை புள்ளைக்கு. அந்த நகைதான் முன்பணத்துக்காக அடகுக்குப் போய், திருப்ப முடியாமல் ஏலத்துக்கும் போயிற்று, அதைப் பற்றி அம்மா பேசுவதில்லை. நாளைக்கே ஒரு இடம் கூடி வந்தால், வருகிறவன் கேட்பான், உன் சம்பளம் என்ன ஆகிறது என்று. உன் தம்பி வீட்டுக்கா என்று. கேட்கட்டும், அது அப்புறம். அதற்கு முன்னால் இன்னொன்று இருக்கிறது, அதைத் தொடாமல் தொடாமல்தான் மனசு இவ்வளவு நேரம் சுற்றிக்கொண்டிருந்தது, புண்ணைச் சுற்றிச் சொறிகிற மாதிரி. பாண்டிச்சேரியில் புள்ளியியல் மேற்படிப்புக்கு இடம் கிடைத்திருக்கிறது. யாரிடமும் சொல்லவில்லை. நுழைவுத்தேர்வு எழுதிய ஞாயிற்றுக்கிழமை தோழியின் வளைகாப்பு என்று சொல்லிவிட்டுப் போனாள். வெள்ளிக்கிழமைக்குள் பணம் கட்ட வேண்டும், பணம் இருக்கிறது, ஒன்றரை வருஷமாகச் சேர்த்தது. இரண்டு வருஷம், ஹாஸ்டல், அவள் இதுவரை ஒரு ராத்திரி கூட வீட்டை விட்டு வெளியே தூங்கியதில்லை. இடம் கிடைத்த கடிதத்தைத் திறந்து பார்க்கும்போதெல்லாம் பயமாகத்தான் இருந்தது, அந்தப் பயம் நன்றாக இருந்தது. இன்றைக்குக் காலையில்கூட நினைத்தாள், பேங்கு வேலை முடிந்து திரும்பி வரும் வழியில் பேக்கரியில் டீ குடிப்பார்கள், அப்போது சொல்லிவிடலாம், இன்னும் பதினொரு வருஷம்தானே, அப்பாவுக்கு வருகிற பி.எஃப். பணம் இரண்டு வருஷம் தாங்கும், அப்புறம் நான் பெரிய சம்பளத்தோடு வந்து கட்டிவிடுவேன் என்று. வாக்கியங்களைக்கூட வரிசையாக அடுக்கி வைத்திருந்தாள். பதினொன்று என்கிற ஒரு எண்ணின் மேல் அடுக்கி வைத்திருந்தாள். வீட்டை வித்துவிடலாமே என்று ஒரு நொடி ஓடியது. முப்பத்தைந்துக்குப் போகும், பேங்குக்கு இருபது, மிச்சம் பதினைந்து. அப்பா கோடு இழுத்த தரையில் வேறு யாரோ கோலமாவு டப்பாவை வைக்கிறாள், அம்மாவின் ஆணியைப் பிடுங்கி ஓட்டையில் சுண்ணாம்பு வைக்கிறாள். அந்த எண்ணம் வந்த வழியே போய்விட்டது. எழுந்து பாத்ரூம் எங்கே என்று கேட்டு, அப்படியே வெளியே போய், வருகிற பஸ்ஸில் ஏறினால்? ஏறலாம். எந்த பஸ் என்றாலும் காந்திபுரம் போகும், காந்திபுரத்திலிருந்து பாண்டிச்சேரிக்கு நேராகவே பஸ் இருக்கிறது. கைப்பையைத் தோளில் மாட்டினாள், பிறகு கழற்றி மடியிலேயே வைத்துக்கொண்டாள்.

அப்பாவின் போன் அடித்தது. அம்மாதான், குரல் வெளியே வரை கேட்டது. "ஏனுங்க, ஆச்சுங்களா? என்ன சொல்றாங்க?" அப்பா தொண்டையைக் கனைத்தார். மோகனா அவரைப் பார்க்கவில்லை, எதிரே சுவரில் சிரித்துக்கொண்டு சாவியை நீட்டுகிற குடும்பத்தின் படத்தைப் பார்த்தாள். "ஒரு பிரச்சனையும் இல்ல பூங்கொடி" என்றார் அப்பா. "மாசத்துக்கு நாலாயிரம் குறைச்சுத் தர்றேங்கறாங்க. நம்ம மோகனா பேரைச் சேத்துனதால." அந்தப்பக்கம் அம்மா என்னவோ சொன்னாள், முருகா என்றது மட்டும் கேட்டது. "வருசமா? அதெல்லாம் அதே மாதிரிதான். நீ வெய்யி." போனைச் சட்டைப் பையில் வைத்தார், வைத்த பிறகும் பையின் மேல் கையை வைத்தபடியே இருந்தார். அதே மாதிரிதான் என்று சொன்னாரே, அவருக்குப் புரிந்திருக்கிறது. ஒன்றும் தெரியாத மனிதனால் அவ்வளவு சுருக்காகப் பொய் சொல்ல முடியாது. பதினைந்து என்று கேட்ட அந்த நொடியிலேயே புரிந்திருக்கிறது, சிரிப்பை இறக்கி வைக்க முடியாமல் போனது அதனால்தான். அவர் மேல் தனக்குக் கோபம் வரும் என்று மோகனா காத்திருந்தாள். வந்தால் நன்றாக இருக்கும், கோபத்தின் கையைப் பிடித்துக்கொண்டு எழுந்து போய்விடலாம். வரவில்லை. அவர் காதோரத்து நரைக்கு நேற்று ராத்திரி மை பூசியிருந்தார், பேங்குக்குப் போவதற்காக, அது காது மடலில் கொஞ்சம் ஒட்டியிருந்தது.

கண்ணாடிக் கதவு திறந்தது. மேடம் உட்கார்ந்து ஃபைலை அவர்கள் பக்கம் திருப்பினார். "மேனேஜர் ஓகே சொல்லிட்டார். முப்பது போட்டுரலாங்களா?"

"போட்டுருங்க மேடம்" என்றார் அப்பா.

"வேண்டாங்க" என்றாள் மோகனா. குரல் வரவில்லை, உதடு மட்டும் அசைந்தது. மேடம் ஏற்கெனவே எழுத ஆரம்பித்திருந்தார். மோகனா கையை நீட்டி அந்தத் தாளின் மேல் வைத்தாள், எழுதுகிற இடத்திலேயே. மேடம் திடுக்கிட்டு நிமிர்ந்தார். "வேண்டாங்க. பதினஞ்சே இருக்கட்டும். தவணையும் இப்ப இருக்கறதே இருக்கட்டுங்க. இனி வட்டி ஏறுனா தவணையை ஏத்துங்க, வருஷத்தை ஏத்தாதீங்க." இவ்வளவையும் சொன்னது தானா என்று அவளுக்கே நம்ப முடியவில்லை.

மேடம் அவளை இப்போதுதான் பார்ப்பதுபோலப் பார்த்தார். "சார் ரிட்டையர்டு ஆனதும் முழுசும் உங்க சம்பளத்துல இருந்துதான் போகும்மா. மூணுல ரெண்டு பங்கு போயிரும். நடுவுல வேலையை விடறது, மேல படிக்கப் போறது, அதெல்லாம் முடியாது. தெரியுமில்ல?"

"தெரியுங்க."

"எதுக்கு கண்ணு?" அப்பா அவள் முழங்கையைத் தொட்டார். "கம்மியா கட்டலாமுன்னு அவியளே சொல்றாங்கல்ல?"

"இதுதான்ப்பா கம்மி" என்றாள்.

அப்பா கையை எடுத்துக்கொண்டார். மேடம் வேறு தாள்களை எடுத்து அடுக்கி, அவற்றிலும் பென்சிலால் பெருக்கல் குறி போட்டு நீட்டினார். எல்லாப் பக்கத்திலும் போட வேண்டும் என்றார். மோகனா முதல் கையெழுத்தை மெதுவாகப் போட்டாள், பள்ளிச் சான்றிதழில் போட்டதுபோல ஒவ்வொரு எழுத்தாக. ஏசிக் காற்றில் தாள் படபடத்தது. அப்பா எழுந்து வந்து, கறுத்த விரலால் தாளின் மூலையை அழுத்திப் பிடித்துக்கொண்டார். அவள் போட்டு முடித்ததும் பக்கத்தைப் புரட்டி அடுத்த குறியின் மேல் விரலை வைத்துக் காட்டினார். புரட்டினார், காட்டினார். நாலைந்து பக்கங்களுக்குப் பிறகு கையெழுத்து தானாகவே ஓடியது.

"பொண்ணு வெவரமா இருக்காங்க சார்" என்றார் மேடம்.

"கணக்குல நூத்துக்கு நூறுங்க, என்ற பொண்ணு" என்றார் அப்பா. அதை அவள் முகத்தைப் பார்க்காமல்தான் சொன்னார்.